ஏரம்பமூர்த்தி எழுதாத நாவல்

ஒக்லாந்தின் ஹில்ஸ்பரோவில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தேகாலுக்கு, அறுபத்தெட்டு வயதான ஏரம்பமூர்த்தி ஓர் ஆங்கில நாவலாசிரியர் ஆனார். அதற்காக அவர் ஒரு வரியும் எழுதியிருக்கவில்லை. கூரியர்க்காரன் வாசலில் வைத்துவிட்டுப் போன பொதியை மாம்பழம் வெட்டும் கத்தியால் கிழித்தார், அவ்வளவுதான். உள்ளே இரண்டு புத்தகங்கள். அட்டையில் ஒரு சைக்கிள், அதன் விளக்கிலிருந்து ஒரு மஞ்சள் வெளிச்சம், அதற்குக் கீழே பெருவிரல் அகல ஆங்கில எழுத்தில் அவருடைய பெயர். அந்தப் பெயரின் தலைக்கு மேலே, கண்ணாடி போட்டுத் தேடினால் கிடைக்கிற அளவில், 'யோகராணி' என்று இருந்தது.

மனிதர் தன் பெயரை எழுத்துக்கூட்டி வாசித்தார். புத்தகத்தின் முதுகைத் திருப்பிப் பார்த்தார். அங்கே யோகராணியே இல்லை. பதின்மூன்று எழுத்தும் வரிசையாக நின்று முதுகு முழுவதையும் பிடித்துக்கொண்டதில் அவருக்கு இடம் கிடைக்கவில்லை.

புத்தகம் யோகராணியுடையது. யோகராணி ஏரம்பமூர்த்தியின் மனைவி. இருபத்துநாலு வயதில் யாழ்ப்பாணத்தில் ஒரு சின்னப் பத்திரிகையில் நிருபராகச் சேர்ந்தவர். முப்பத்தேழு வயதில் ஒக்லாந்துக்கு வந்து, பாட்டனி டவுன்ஸில் ஒரு சுப்பர்மார்க்கெட்டின் பேக்கரியில் பாண் வெட்டினார். வெட்டிய கையோடு வீட்டுக்கு வந்து ஒரு தமிழ் மாதப் பத்திரிகையைத் தொடங்கிப் பதினேழு வருடம் ஓட்டினார். யார் வீட்டில் வாடகை ஏற்றினார்கள், யாருக்கு விசா மறுத்தார்கள், சங்கத் தேர்தலில் யார் யாருக்குச் சாப்பாடு வாங்கிக் கொடுத்தார்கள் என்பதெல்லாம் அதில் பெயரோடு வந்தது. அதனால் யோகராணி நடந்துபோனால் எதிரே வருகிற தலைவர்கள் தெருவின் மற்றப் பக்கத்துக்கு மாறிவிடுவார்கள். இதற்கிடையில் விடியப்புறம் நாலு மணிக்கு எழும்பித் தமிழில் ஐந்து நாவல்கள். அந்த நாலு மணிக்கும் தேத்தண்ணி போட்டுக் கொடுத்தது ஏரம்பமூர்த்தி. இலக்கியத்துக்கு அவர் செய்த தொண்டு அது ஒன்றுதான் என்று அவரே சொல்லுவார்.

ஐந்தாவது நாவலின் பெயர் 'காலைப் பட்டியல்'. எல்லர்ஸ்லியில் ஐ.டி. வேலை செய்கிற தாரிணி என்ற திருச்சிப் பெண் அதைப் படித்துவிட்டு, யாரும் கேட்காமலே சனி ஞாயிறுகளில் உட்கார்ந்து ஆங்கிலத்தில் பெயர்த்தாள். மூன்று வருடம் பிடித்தது. உள்ளூர்ப் பதிப்பகம் ஒன்று அதை எடுத்துக்கொண்டது. இப்போது வந்திருப்பது அதன் முன்பிரதி. கூடவே பதிப்பாசிரியர் கிர்ஸ்டனின் கடிதமும் இருந்தது: திருத்தம் ஏதும் இருந்தால் வெள்ளிக்கிழமை மதியம் பன்னிரண்டு மணிக்குள் சொல்ல வேண்டும், அதன்பிறகு புத்தகம் அச்சுக்குப் போய்விடும், ஒரு புள்ளியைக்கூட மாற்ற முடியாது.

இந்தப் பெயர்க் குழப்பத்தை இங்கே விளக்கத்தான் வேண்டும். நம்முடைய ஆட்களுக்கு அப்பா பெயர் உண்டு, சொந்தப் பெயர் உண்டு, குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. நியூசிலாந்துப் படிவத்துக்கோ அது இல்லாமல் சோறு இறங்காது. தொண்ணூற்றெட்டில் குடிவரவுப் படிவங்களை நிரப்பியவர் ஏரம்பமூர்த்திதான். பஹ்ரைனில் வேலை செய்த ஆள் என்பதால் படிவம் நிரப்புவதில் தன்னை மிஞ்ச ஆளில்லை என்று அப்போது அவருக்கு ஓர் எண்ணம். கடைசியில் வருவதுதானே குடும்பப் பெயர் என்று, தனக்குச் 'சின்னத்துரை ஏரம்பமூர்த்தி' என்று அப்பா பெயரை முன்னால் போட்டு எழுதினார். மனைவிக்கும் மகள் நிருஜாவுக்கும் அந்தக் கடைசிப் பெட்டிக்குள் தன் பெயரையே இறக்கினார்.

வினை அங்கேதான் தொடங்கியது. பஸ் டிப்போவில் இருபத்திரண்டு வருடம் எல்லோரும் அவரைச் 'சின்னா' என்றார்கள். யாழ்ப்பாணத்துக் கரவெட்டியை விட்டு வெளியே கால் வைக்காத சின்னத்துரையர், செத்தபிறகு ஒக்லாந்தில் இருபத்திரண்டு வருடம் பஸ் ஓட்டினார். பேக்கரியில் யோகராணியை 'யோகா' என்றார்கள். எங்கே வகுப்பு நடத்துகிறீர்கள் என்று கேட்டவர்களும் உண்டு. கடிதங்களில் அவர் 'மிஸஸ் ஏரம்பமூர்த்தி'. சொந்தப் பெயரை முழுதாகக் கேட்க வேண்டுமென்றால் இருவரும் வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்த வேண்டும்.

இதெல்லாம் தெரிந்தால்தான் இரண்டு மாதத்துக்கு முந்திய அந்த மாலை புரியும். நகர மண்டபத்தில் எழுத்தாளர் கூட்டம். நானூறு பேர். யோகராணி மேடைக்குப் பக்கத்தில் காத்திருக்க, ஏரம்பமூர்த்தி இரண்டாம் வரிசையில் தாரிணிக்குப் பக்கத்தில் இருந்தார். அறிவிப்பாளர் பெயரை வீட்டில் சொல்லிப் பார்த்துப் பழகிக்கொண்டு வந்திருக்க வேண்டும். ஓர் எழுத்துச் சிதையாமல், "ஏரம்பமூர்த்தி" என்று சொல்லி நிறுத்தினார். மண்டபம் கைதட்டியது. நம்முடைய மனிதர் எழும்பிவிட்டார்.

தாரிணி சேர்ட்டைப் பிடித்து இழுத்தாள். "அங்கிள், உக்காருங்க. ஆன்ட்டியைத்தான் கூப்பிடுறாங்க."

அவர் இருந்துவிட்டார். ஆனால் முகத்தில் வந்த சிரிப்பை உடனே இருத்த முடியவில்லை. இந்த நாட்டில் இருபத்தாறு வருடத்தில் ஒருவர் அவருடைய பெயரை மேடையில் வைத்து முழுதாகச் சொன்னது அன்றுதான். அதற்கு நானூறு பேர் கைதட்டினார்கள். கூப்பிட்டது அவரை அல்ல என்பது வேறு விஷயம். மேடையில் யோகராணி குரல் நடுங்காமல் இருபது நிமிடம் வாசித்தார். ஏரம்பமூர்த்திக்குப் பெருமை தாங்கவில்லை. அந்தப் பெருமையில் எவ்வளவு மனைவிக்காக, எவ்வளவு அந்தக் கைதட்டலுக்காக என்று அவர் பிரித்துப் பார்க்கவில்லை.

ஆகவே செவ்வாய்க்கிழமை முன்பிரதி வந்தபோது மனிதர் செய்த முதல் வேலை, அதை டிவிக்கு முன்னால் நிறுத்திவைத்துப் படம் எடுத்தது. இரண்டாவது வேலை, அந்தப் படத்தைத் தெரிந்த எல்லோருக்கும் வாட்ஸ்அப்பில் அனுப்பியது. பஹ்ரைனில் ஒரே அறையில் இருந்த நிமலன் இப்போது டொரொன்டோவில் இருக்கிறார். அவரிடமிருந்து உடனே பதில் வந்தது: 'மச்சான், ஒரு லீவு லெட்டர் எழுத என்னட்டை வந்து நிண்ட நீ, உந்தப் புத்தகத்தை எப்ப எழுதினனீ?' ஏரம்பமூர்த்தி வாய்விட்டுச் சிரித்தார். அன்று முழுவதும் டிவிக்கு முன்னால் புத்தகம் நின்றது. செய்தி வாசிக்கிறவரின் கழுத்து வரைக்கும் அவருடைய பெயர் மறைத்தது.

புதன்கிழமை சிரிப்பு நின்றது. முன்பிரதியைப் படித்து ஒரு சஞ்சிகை விமர்சனம் எழுதியிருந்தது. தாரிணி அதை போனுக்கு அனுப்பியிருந்தாள். நல்ல விமர்சனம், நாலு நட்சத்திரம். ஏரம்பமூர்த்தி கதிரையை யன்னல் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு ரசித்து வாசிக்கத் தொடங்கினார். நடுவில் எழுதியவரைப் பற்றி இப்படி இருந்தது:

'எண்பத்தேழில் ஏரம்பமூர்த்திக்கு இருபத்தாறு வயது. ஒவ்வொரு காலையும் ஊரடங்கு தளர்ந்ததும் ஏரம்பமூர்த்தி சைக்கிளில் ஆஸ்பத்திரிக்குப் போவார். முதல் நாள் ஷெல்லில் இறந்தவர்களின் பெயர்களை உறவினர்களிடம் கேட்டு எழுதுவார். எண்ணிக்கையை மட்டும் போடச் சொன்ன ஆசிரியருக்கு ஏரம்பமூர்த்தி அடிபணியவில்லை.'

அவர் போனை மடியில் வைத்தார். எண்பத்தேழில் ஏரம்பமூர்த்திக்கு முப்பத்தொரு வயது. பஹ்ரைனில், ஏசி போட்ட அறையில், நிமலனோடு முன்னூற்றிநாலு சீட்டு விளையாடிக்கொண்டிருந்தார். ஊரிலிருந்து கடிதம் வராத கிழமைகளில் கொஞ்சம் அழுதார், பிறகு மறுபடியும் சீட்டைக் கலைத்தார். யோகராணி என்று ஒருவர் இருப்பதே அப்போது அவருக்குத் தெரியாது.

அந்தச் சைக்கிளைப் பற்றிக் கலியாணத்துக்குப் பிறகுதான் கேள்விப்பட்டார். பின் கரியரில் ஒரு கொப்பி கட்டியிருக்குமாம். செத்தவரின் பெயரை அப்பா பெயரோடு சேர்த்து எழுதி, அழுதுகொண்டிருக்கிறவர்களுக்கே திருப்பி வாசித்துக் காட்டி, எழுத்துச் சரியா என்று இரண்டு தரம் கேட்ட பிறகுதான் யோகராணி அடுத்த ஆளிடம் போவாராம். 'சிவராசா'வின் கடைசியில் ஓர் அரவு, அந்தத் துணைக்கால், விட்டுப்போய் 'சிவராச' என்று அச்சாகிவிட்டதற்கு, அடுத்த நாள் முன்பக்கத்தில் திருத்தம் போட வைத்தவர். ஓர் அரவுக்கு. அப்படிப்பட்ட மனிசியின் பெயர் முழுதாகப் போய், அந்த இடத்தில் சீட்டு விளையாடியவனின் பெயர் வந்து உட்கார்ந்திருக்கிறது. ஏரம்பமூர்த்திக்கு வெட்கமாக இருந்தது. எழும்பிப் போய் டிவிக்கு முன்னால் நின்ற புத்தகத்தை எடுத்துக் குப்புற வைத்தார்.

வியாழக்கிழமை பின்னேரம் யோகராணி சாப்பாட்டு மேசையில் மற்றப் பிரதியை விரித்து, சிவப்புப் பேனாவால் உள்ளே திருத்திக்கொண்டிருந்தார். ஏரம்பமூர்த்தி தேத்தண்ணியை வைத்துவிட்டுப் போகாமல் நின்றார்.

"இஞ்சேரும், அட்டையைப் பாத்தனீரே?"

"பாத்தன்."

"உம்மட பேர் எறும்பு மாதிரிக் கிடக்குது."

"நூற்றிப் பன்ரெண்டாம் பக்கத்தில எங்கட ஊர்ப் பழைய 'தட்டிவான்' எண்டதை வெட்டிப்போட்டு பஸ் எண்டு போட்டிருக்கினம். நான் அதோட மல்லுக்கட்டிக்கொண்டு இருக்கிறன். அட்டைக்கும் சேத்துச் சண்டை பிடிக்க என்னட்டை மூச்சில்லையப்பா. விடுங்கோ."

"ஒரு அரவுக்குத் திருத்தம் போட்ட ஆள் நீர். இதை விடுங்கோ எண்டுறீர்."

யோகராணி தலையை நிமிர்த்தவில்லை. பேனா மட்டும் நின்றது. "அண்டைக்கு மண்டபத்தில நீங்கள் எழும்பினதை நான் மேடைக்குப் பக்கத்தில நிண்டு பாத்தனான்," என்றார்.

ஏரம்பமூர்த்திக்குக் காது சூடேறியது.

"கலியாணத்தண்டு கூட நீங்கள் அப்பிடிச் சிரிக்கேல்லை. சின்னா, சின்னா எண்டு உங்கட அப்பான்ர பேரால கூப்பிட்டவங்கள். ஒருநாள்கூட நீங்கள் திருத்தேல்லை. ஒரு இடத்திலயெண்டாலும் உங்கட பேர் இருக்கட்டுமே எண்டு நினைச்சன். எனக்குத் தமிழில அஞ்சு புத்தகம் இருக்குத்தானே."

அப்போதுதான் அவருக்கு விஷயம் விளங்கியது. மறந்துபோய் விட்டதும் இல்லை, களைத்துப்போய் விட்டதும் இல்லை. பார்த்து, யோசித்து, தன் பெயரை எடுத்துப் புருசனுக்குக் கொடுத்திருக்கிறார். முப்பத்துமூன்று வருடக் கலியாணத்தில் அவருக்கு யாரும் இவ்வளவு பெரிய ஒன்றைத் தந்ததில்லை. அதை வைத்திருக்கவும் முடியாது என்று அந்தக் கணமே அவருக்குத் தெரிந்தது. குசினிக்குப் போய், கழுவின கோப்பையை இன்னொருதரம் கழுவினார்.

வெள்ளிக்கிழமை காலை, நடக்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு ஏரம்பமூர்த்தி வெளிக்கிட்டார். நடக்கப் போகிறவர் அயர்ன் பண்ணின சேர்ட்டும் சப்பாத்தும் போட்டதை யோகராணி கவனித்திருக்கலாம். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கம் விடவில்லை. இரண்டு பஸ் மாறி எல்லர்ஸ்லி போய்ச் சேரப் பதினொன்று அடித்துவிட்டது. இரண்டாவது பஸ்ஸின் சாரதிக்குப் பிரேக் பிடிக்கத் தெரியவில்லை. வேறு நாளென்றால் இறங்கும்போது நாலு வார்த்தை சொல்லியிருப்பார். அன்று நேரமில்லை.

பதிப்பகம் ஓர் அலுவலகக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் இருந்தது. முதல்நாளே போன் பண்ணியிருந்ததால் தாரிணி வேலையிடத்திலிருந்து ஒரு மணி நேரம் கேட்டுக்கொண்டு வந்து வாசலில் நின்றாள்.

"ஆன்ட்டிக்குத் தெரியுமா அங்கிள்?"

"இல்லைப் பிள்ளை. தெரிஞ்சால் விடமாட்டா."

"நான்தான் முன்னாடியே பார்த்திருக்கணும். கான்ட்ராக்ட்ல பாஸ்போர்ட் பேர் கேட்டாங்க. அதையே அட்டையிலயும் போட்டுட்டாங்க."

"பாஸ்போட்டில போட்டது ஆர்? நான்தானே. வா, உள்ளுக்குப் போவம்."

கிர்ஸ்டன் நாற்பது வயது மதிக்கத்தக்க, அவசரம் நிறைந்த பெண். கண் அடிக்கடி சுவர் மணிக்கூட்டுக்குப் போய் வந்தது. ஏரம்பமூர்த்தி கதிரையில் இருக்காமல் நின்றபடியே தன் பஸ் ஆங்கிலத்தில் தொடங்கினார்.

"நான்தான் ஏரம்பமூர்த்தி. இருபத்திரண்டு வருடம் பஸ் ஓட்டினேன். உங்கள் புத்தகத்தை நான் எழுதவில்லை. அதனால் என் பெயரை எடுத்துவிடுங்கள்."

கிர்ஸ்டன் அவரைப் பார்த்தாள், தாரிணியைப் பார்த்தாள், பிறகு அட்டையைப் பார்த்தாள். "ஆனால் இது உங்கள் குடும்பப் பெயர் இல்லையா?"

"இல்லை. என்னுடைய பெயர். அம்மா எனக்கு வைத்தது. படிவம் நிரப்பியபோது நான்தான் பிழையாக என் மனைவிக்கும் போட்டுவிட்டேன்."

"அப்படியானால் உங்கள் மனைவியின் குடும்பப் பெயர் என்ன?"

"இல்லை."

"இல்லை என்றால்?"

"எங்கள் ஆட்கள் யாருக்குமே கிடையாது," என்றாள் தாரிணி ஆங்கிலத்தில். "எனக்கும் இல்லை. என் பாஸ்போர்ட்டில் அந்த இடத்தில் இருப்பது என் அப்பா."

கிர்ஸ்டன் கணினித் திரையைத் திருப்பிக் காட்டினாள். முதற்பெயர், குடும்பப் பெயர் என்று இரண்டு பெட்டிகள். முதற்பெயரை வெறுமையாக விடலாம். குடும்பப் பெயரை விட்டால் புத்தகக் கடைகளின் பட்டியலோ நூலகங்களோ புத்தகத்தை ஏற்காது. விசைப்பலகையை அவர் பக்கம் தள்ளினாள். "நீங்களே சொல்லுங்கள், இதற்குள் எதைப் போட?"

அதே பெட்டி. இருபத்தாறு வருடத்துக்குப் பிறகும் வாயைத் திறந்துகொண்டு அதே இடத்தில் நின்றது. ஏரம்பமூர்த்தி குனிந்து, ஒற்றை விரலால் தன் பெயரைக் கடைசி எழுத்திலிருந்து ஒவ்வொன்றாக அழித்தார். பதின்மூன்றும் போகக் கொஞ்ச நேரம் எடுத்தது. பிறகு அதே விரலால் யோகராணி என்று அடித்தார்.

"எட்டே எழுத்து," என்றார். "முதுகில் இன்னும் பெரிதாகப் போடலாம்."

கிர்ஸ்டன் சிரித்துவிட்டாள். ஆனால் எழுதியவர் வாயால் கேட்காமல் மாற்ற முடியாது என்று உடனே போனை எடுத்து யோகராணியைக் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னாள். மற்றப் பக்கத்திலிருந்து, அவரிடம் கொடுங்கள் என்று மட்டும் கேட்டது. போன் ஏரம்பமூர்த்தியின் கைக்கு வந்தது.

"ஏன் அங்க போனீங்கள்?"

"பிழையா நிரப்பின ஃபோம் ஒண்டு கிடந்தது. திருத்த வந்தனான்."

"உங்களுக்கு ஆசை இல்லையே?"

"இருந்தது. இல்லையெண்டு உமக்குப் பொய் சொல்லேலாது." கிர்ஸ்டனுக்கு முதுகைக் காட்டித் திரும்பினார். "ஆனா அந்தச் சைக்கிளை நான் ஓடேல்லை ராணி. நீர்தான் ஓடினது."

மற்றப் பக்கத்தில் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. பிறகு, "ஸ்பீக்கரில போட்டுட்டு கிர்ஸ்டனிட்டைக் குடுங்கோ," என்றார் யோகராணி.

ஸ்பீக்கரில் வந்தது வேறு குரல். ஏரம்பமூர்த்தி ஒருநாளும் கேட்டிராத, கலியாணத்துக்கு முந்திய குரல். ஆஸ்பத்திரி வாசலில் கொப்பியோடு நின்ற நிருபரின் குரல் அப்படித்தான் இருந்திருக்கும். யோகராணி தன் பெயரை ஒவ்வோர் ஆங்கில எழுத்தாகச் சொன்னார். "இப்போது நீங்கள் எனக்குத் திருப்பி வாசியுங்கள்," என்றார். கிர்ஸ்டன் வாசித்தாள். "இன்னொரு தரம்." கிர்ஸ்டன் நிமிர்ந்து உட்கார்ந்து இன்னொரு தரம் வாசித்தாள். "சரி. போடுங்கள். அப்படியே நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்துக்கும் வருவோம்."

மணி பதினொன்று ஐம்பது. தட்டிவானும் தப்பியது.

புத்தகம் இரண்டு மாதத்தில் வெளிவந்தது. விழாவில் அறிவிப்பாளர் "யோகராணி" என்றார், மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. ஏரம்பமூர்த்தியும் எழும்பினார். இந்த முறை யாரும் அவருடைய சேர்ட்டைப் பிடித்து இழுக்கவில்லை.

அதற்குப் பிறகு ஒரு திங்கட்கிழமை, ஒனெஹங்கா நூலகத்துக்குத் தனியே போனார். பழக்க தோஷத்தில் தன் பெயருக்குரிய ஆங்கில 'ஈ' எழுத்துத் தட்டில் தேடினார். நெஞ்சளவு உயரத்தில் நல்ல வசதியான தட்டு அது. அங்கே இல்லை என்றதும் ஒருகணம் பதறினார். பிறகு தன் தலையில் தானே தட்டிக்கொண்டு, கடைசி வரிசைக்குப் போனார். யோகராணியின் 'வை' எழுத்து நிலத்தோடு ஒட்டிய அடித்தட்டில் இருந்தது. இருபத்திரண்டு வருடம் கிளட்ச் மிதித்த இடது முழங்காலோடு சண்டை பிடித்து, ஒரு கையால் தட்டைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டார். முதுகு முழுவதும் எட்டு எழுத்து. இரண்டு வரிசை தள்ளி நின்றாலும் தெரியும். விரலால் தொட்டு, எழுத்துச் சரியா என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார். சரியாக இருந்தது. இன்னொரு தரம் பார்த்தார்.

வயதான மனிதர் ஒருவர் நிலத்தில் கிடக்கிறார் என்று பயந்து நூலகப் பெண் ஓடிவந்தாள். ஒன்றுமில்லை என்று அவர் புத்தகத்தை உயர்த்திக் காட்டினார். அவளுடைய முகம் மலர்ந்தது.

"நல்ல புத்தகம். நான் இரண்டு தரம் படித்துவிட்டேன். உங்களுக்குத் தெரியுமா, இவர் இங்கே பக்கத்தில்தான் எங்கேயோ இருக்கிறார்."

மண்டியிட்டபோது அவருடைய பையிலிருந்து விழுந்து, அவள் பொறுக்கியெடுத்த நூலக அட்டையில் சின்னத்துரை ஏரம்பமூர்த்தி என்று இருந்தது. அதற்கும் அந்தப் புத்தகத்துக்கும் சம்பந்தம் இருப்பதாக இனி உலகத்தில் யாரும் கண்டுபிடிக்க முடியாது. அவள் நீட்டிய கையைப் பிடித்து ஏரம்பமூர்த்தி மெல்ல எழும்பி நின்றார்.

"தெரியும்," என்றார். "காலை நாலு மணிக்கு அவருக்குத் தேத்தண்ணி போடுகிறவன் நான்தான்."